ரோஸ் சிரப் போத்தல்

சொந்தப் போத்தல் கொண்டுவரச் சொன்னார்கள்.
வீட்டில் கழுவிக் கவிழ்த்திருந்தது அது ஒன்றுதான்.
சவரிராயன் அதைத் தூக்கிக்கொண்டு
சமூக மன்றத்து வாசலில்
மஞ்சள் நாடா ஒட்டிய கட்டங்களில் நகர்ந்து நகர்ந்து
அரை லிட்டர் கிருமிநாசினி வாங்கி வந்தான்.
இலவசம் என்றான்,
சீட்டு விழுந்தவன் முகத்தோடு.

போத்தலின் நெற்றியில் இன்னமும்
பாதி கிழிந்த ரோஜா.
போன நோன்பு மாதம் எதிர்வீட்டுக் கமாரியா
பாண்டோங் கலக்கச் சொல்லித் தந்தது.
அடுக்களையில்
எண்ணெய்க்கும் சோயா சாஸுக்கும் நடுவே
பழைய இடமே அதற்குக் கிடைத்தது.

எனக்குப் பேரங்காடியில் இரவு வேலை.
கழிப்பறைத் தாள் அடுக்குவேன்,
அடுக்கிய கையை எடுப்பதற்குள் தட்டு காலி.
பெட்டிக்கு ஒருமுறை கையைத் தேய்த்துத் தேய்த்து
விரலிடுக்கெல்லாம் வெடிப்பு;
எலுமிச்சை பிழிந்தால் உயிர் போய் வரும்.

அதிகாலை மூன்றரை.
வேன் என்னை ஈசூனில் உதிர்த்துவிட்டுப் போனது.
மின்தூக்கிப் பொத்தானைச் சாவியால் அழுத்தி
எட்டாம் மாடி.
விளக்கைப் போடவில்லை, பிள்ளை விழிப்பான்.
தாகம்.
இருட்டில் கை தானாகப் போய்
ரோஜாவைப் பிடித்தது.

மூடி திறந்து உதடுவரை வந்துவிட்டது.
மூக்குதான் முதலில் படித்தது:
ஊசிக்கு முன் தாதி துடைக்கும்
பஞ்சின் வாடை.
சமையல் மேடையைப் பிடித்தபடி நின்றேன்.
இந்த நோய் முதலில் திருடுவது
மூக்கைத்தானாமே.

அன்றைக்கே சிவப்பு மார்க்கரில் எழுதினேன்,
ரோஜாவின் மேலேயே, கொட்டை எழுத்தில்:
குடிக்காதே.
கமாரியாவின் பேத்திகள் வந்துபோகும் வீடு,
கீழே மலாயிலும் ஒரு வரி.
எழுதியதோடு கடமை முடிந்ததென்று
அதே தட்டில் வைத்தேன்.
என் புத்தி அவ்வளவுதான்.

சவரிராயன் தன் பங்குக்கு
பிளீச்சையும் கழிப்பறைக் கழுவியையும்
ஒரே வாளியில் ஊற்றி
'இரண்டு மடங்கு சுத்தம்' என்றான்.
அரை நிமிடத்தில்
இருமிக்கொண்டே ஓடிவந்தான், கண் மிளகாய்ப்பழம்.
சன்னல்களை மலர்த்திவிட்டு
மூவரும் நடைபாதையில் நின்றோம்.
இருமல் கேட்டு
மூன்று வீட்டுக் கதவுகள் சாத்திக்கொண்டன.
அந்தக் காலத்தில் இருமல் என்றால்
யாரும் காரணம் கேட்பதில்லை.

மே மாதம். பாலர் பள்ளி மூடியிருந்தது.
திரைக்குள்ளிருந்து ஆசிரியை
எழுத்துக் கூட்டச் சொல்லிக்கொடுத்தார்.
நிலவன் வீடெல்லாம் கூட்டித் திரிந்தான்:
அ-ரி-சி. உ-ப்-பு. சா-வி.
வேலை முடிந்து கிடந்த என் காதில்
அடுக்களையிலிருந்து வந்தது:

கு.
டி.
குடி.

முக்காலி மேல் நிற்கிறான்.
கையில் ரோஜா.
ஒவ்வொரு முறை ஊற்றும்போதும்
விளிம்பில் வழிந்த சொட்டு
மார்க்கரின் மையைக் கரைத்துக் கரைத்து
'க்காதே'யைத் தின்றிருக்கிறது.
நான் அதைக் குடிக்கவில்லை;
அது நான் எழுதியதைக் குடித்திருந்தது.

'குடின்னு போட்டிருக்கும்மா'
என்றான், சரியாகப் படித்த பெருமையில்.
திட்ட முடியவில்லை.
சரியாகத்தானே படித்தான்.

இப்போது அது அலமாரி உச்சியில்,
அழுத்தினால் மட்டும் துப்பும்
வெள்ளைக் குப்பியில்.
மேலே எழுதி, எழுத்தின் மேல் செல்லோடேப் ஒட்டியிருக்கிறேன்:
நஞ்சு.
எந்த எழுத்து அழிந்தாலும்
குடி என்று ஆகாத சொல்லாகத் தேடி எடுத்தது.
ரோஜா போத்தலைக் குப்பைக்குழாயில் போட்டேன்,
எட்டு மாடியும் தட்டித் தட்டி இறங்கியது.

அடுப்பு மூட்டப் போனால்
நிலவன் குறுக்கே வந்து நிற்கிறான்.
ஈரக் கையில் தீப் பிடித்தால்
கண்ணுக்கே தெரியாதாம்,
அவன் அப்பா எங்கோ படித்துச் சொன்னது.
'காஞ்சிடுச்சா?'
கையை நீட்டுகிறேன்.
ஒவ்வொரு விரலாகத் தொட்டுப் பார்க்கிறான்,
வெடிப்பின்மேல் மட்டும்
கொஞ்சம் மெல்ல.